வன்னியிலிருந்து லண்டனுக்கு வருகிறவர்கள் முஸ்லிம் அயலவரோடு பழகுவது பற்றி

கிளிநொச்சி, முல்லைத்தீவு, மாங்குளம் பக்கமிருந்து புதிதாக வந்திறங்குகிறவர்களுக்கு வாடகை அறை, வங்கிக் கணக்கு, பஸ் கார்ட் எல்லாம் சொல்லித்தர ஆள் இருக்கும். இந்த விசயத்தை மட்டும் ஒருவரும் சொல்லமாட்டார்கள். நீங்கள் இங்கே முதலில் பழகப்போவது பெரும்பாலும் வெள்ளைக்காரரோடு இல்லை. கிழக்கு லண்டனில் அறை எடுத்தால் வீட்டுக்காரர் பாகிஸ்தானியாக இருக்கலாம், ஆட்டிறைச்சி வாங்கும் கடை வங்காளியுடையதாக இருக்கலாம், விசா கிடைத்து வேலைக்குப் போனால் பக்கத்தில் நிற்பவர் சோமாலியர். வந்து இரண்டு கிழமை போகமுதல் நம்மவர் ஒருவரே உங்களைத் தனியாகக் கூப்பிட்டு “அவையோட கவனம் தம்பி” என்பார். கேட்டுக்கொள்ளுங்கள், ஆனால் அதை அப்படியே விழுங்காதீர்கள். அவர் சொல்வதில் பாதி இங்கத்தைப் பத்திரிகைகளில் வருகிற பயம், மீதி ஊரிலிருந்து சூட்கேசில் கொண்டுவந்தது.

முதலில் இந்த ஆக்கள் எப்படி வந்தார்கள் என்று தெரிந்துகொள்ளுங்கள். பிரட்ஃபோர்ட், பர்மிங்காம் பக்கம் இருக்கிற பாகிஸ்தானியரில் ஏராளமானோர் பாகிஸ்தான் பக்கக் காஷ்மீரிலுள்ள மீர்பூர்க்காரர். 1960களில் மங்களா அணை கட்டியபோது அவர்களுடைய ஊர்கள் தண்ணீருக்குள் போயின. ஒரு லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் இடம்பெயர்ந்தார்கள், அதில் பலர் இங்கே வந்து நெசவாலைகளில் இரவு வேலை செய்தார்கள். சில்ஹெட் வங்காளிகள் கப்பல் வேலைக்கு வந்து தங்கியவர்களின் வழி. சோமாலியர் நம்மைப்போலவே சண்டைக்குத் தப்பி வந்தவர்கள். இவர்களுக்குள் மொழி வேறு, சாப்பாடு வேறு, மார்க்க விசயத்திலேயே ஒத்துப்போகாதவர்கள் நிறைய. ‘முஸ்லிம்கள் இப்படித்தான்’ என்று தொடங்குகிற கதை எதையும் அரைவாசியிலேயே நிறுத்திவிடலாம்.

நேரம் இருந்தால் பிரிக் லேன் பள்ளிவாசலை ஒருமுறை போய்ப் பாருங்கள். 1743இல் பிரான்சிலிருந்து தப்பி வந்த புரொட்டஸ்தாந்து அகதிகள் கட்டிய கட்டடம் அது. பிறகு மெதடிஸ்தர் வழிபட்டார்கள், 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் யூதர்களின் ஜெபக்கூடமானது, 1976இலிருந்து பள்ளிவாசல். மேற்குலகமும் இஸ்லாமும் ஒட்டவே ஒட்டாது என்று தொலைக்காட்சியில் இருந்து கத்துகிறவர்களை அந்தத் தெருவில் அரை மணித்தியாலம் நடக்கவிட வேண்டும்.

இனி வன்னி ஆக்களுக்கு மட்டும் விளங்கக்கூடிய ஒன்று. அடையாள அட்டையில் கிளிநொச்சி விலாசம் இருந்தால் கொழும்புச் சோதனைச்சாவடியில் என்ன நடந்தது என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. நீங்கள் யார், என்ன வேலை, எவரோடு இருந்தீர்கள் என்பதெல்லாம் பிறகு, முதலில் பஸ்ஸை விட்டு இறங்கு. இங்கே முகமது என்று பெயருள்ள ஒரு பெடியனுக்கு விமான நிலையத்தில் கிட்டத்தட்ட அதுதான். 2000ஆம் ஆண்டுப் பயங்கரவாதச் சட்டத்தின்படி சந்தேகம் என்று ஒன்றும் இல்லாமலே ஒருவரை அங்கே மறித்து 6 மணித்தியாலம் வரை விசாரிக்கலாம். 2001இல் புலிகளைத் தடைசெய்ததும் அதே சட்டத்தின் கீழ்தான், ஆகவே அந்த வரிசையில் நம்மவரும் நின்றிருக்கிறார்கள். எங்கோ ஒருவன் குண்டு வைத்ததற்குக் கடைக்காரரிடம் விளக்கம் கேட்க முதல் இதை ஒருக்கால் நினையுங்கள். 2019 உயிர்த்த ஞாயிறன்று மட்டக்களப்பு சீயோன் தேவாலயத்தில் செத்தது நம் சனம்தான், கோபம் நியாயம். ஆனால் அந்தக் குண்டுத் தாக்குதல்களுக்குத் தலைமை தாங்கிய சஹ்ரான் பற்றி முன்பே முறைப்பாடு செய்தவர்களில் காத்தான்குடி முஸ்லிம்களும் இருந்தார்கள் என்பதையும் சேர்த்துத்தான் சொல்லவேண்டும்.

‘நாங்கள் முஸ்லிம் இல்லை, எங்களுக்கென்ன’ என்று இருப்பதும் சரிவராது. அடிக்க வருகிறவன் உங்களுடைய சமயத்தை விசாரித்துவிட்டு வருவதில்லை. 2001 செப்டம்பரில் நியூயோர்க் தாக்குதல் நடந்து நான்காம் நாள் அமெரிக்காவின் அரிசோனாவில் ஒரு சீக்கியரை, தலைப்பாகையைப் பார்த்து, சுட்டுக் கொன்றார்கள். 2024 யூலையில் சவுத்போர்ட்டில் மூன்று சிறுமிகள் கொல்லப்பட்டபோது, கொன்றவன் முஸ்லிம் அகதி என்று பொய்ச் செய்தி போனிலே பரவியது. அவன் கார்டிஃபில் பிறந்தவன். அதற்குள் அடுத்த நாளே பள்ளிவாசலுக்குக் கல்லெறி, சில நாளில் ரொதரமில் அகதிகள் தங்கிய ஹோட்டலுக்குத் தீ வைக்கப் பார்த்தார்கள். அப்படிப்பட்ட ஹோட்டலில்தான் உங்களில் பலர் இப்போது இருந்து இதை வாசிக்கிறீர்கள். ஆகவே வட்ஸ்அப்பில் வருகிற வீடியோவைக் குடும்பக் குழுவுக்குத் தள்ளிவிட முதல் கொஞ்சம் பொறுங்கள். தெருவில் யாராவது வம்புக்கு வந்தால், அவசரமென்றால் 999, பிறகு முறையிட 101.

பழக்கவழக்கத்தில் பெரிய சூட்சுமம் ஒன்றுமில்லை. பள்ளிவாசலுக்குள் செருப்புக் கழற்ற நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். பெண்கள் கை கொடுக்காவிட்டால் அவமானமாக எடுக்காமல் நெஞ்சில் கை வைத்துச் சிரித்தால் போதும். வீட்டுக்கு இனிப்பு கொண்டுபோனால் ஜெலட்டின் (பன்றியிலிருந்து எடுத்ததாக இருக்கலாம்) இருக்கிறதா என்று பெட்டியைத் திருப்பிப் பாருங்கள், போத்தில் கொண்டுபோகவே வேண்டாம். வேலைத்தலத்தில் பெருநாளன்று அவருடைய ஷிப்டை நீங்கள் எடுங்கள், தைப்பொங்கலுக்கு அவர் உங்களுடையதை எடுப்பார். இந்த ஒரு ஒப்பந்தம் பத்துக் கூட்டம் வைப்பதைவிட மேல். நோன்பு காலத்தில் மாலை நேரம் எங்கள் தெருக் கடைக்குப் போனால், பணம் வாங்குகிறவர் ஒரு கையால் பார்கோட் காட்டிக்கொண்டே மறு கையால் பேரீச்சம்பழத்தை வாயில் போடுவார், பெட்டியை நம் பக்கமும் தள்ளுவார். எடுத்துக்கொள்ளுங்கள், மறுக்காதீர்கள்.

பிரான்சுக்கோ சுவிசுக்கோ போகிறவர்களுக்குச் சட்டம் வேறு. பிரான்சில் 2004இலிருந்து அரச பாடசாலையில் பிள்ளைகள் முக்காடு போட முடியாது, 2010ஆம் ஆண்டுச் சட்டம் முகம் மூடுவதைத் தடைசெய்கிறது. சுவிசில் 2009இல் வாக்கெடுப்பு வைத்துப் புதிய மினாரா, அதாவது பள்ளிவாசல் கோபுரம், கட்டத் தடைபோட்டார்கள். அங்கே கோயில் கோபுரம் எழுப்ப ஆசைப்படுகிற நம்மவர்கள் அந்த வாக்கெடுப்பை மேலோட்டமாகப் பார்த்துவிட்டுப் போக முடியாது.

கடைசியாக, கஷ்டமானது. என்றாவது தமிழ் பேசும் ஒரு முஸ்லிம் ஐயா உங்களைப் பார்த்து “முல்லைத்தீவில எவ்விடம்?” என்று கேட்பார். அவர் தண்ணீரூற்றுக்காரராகவோ மன்னார் எருக்கலம்பிட்டியாகவோ இருக்கலாம். 1990 ஒக்டோபரில் வடக்கு முழுவதிலுமிருந்து எழுபதாயிரத்துக்கு மேற்பட்ட முஸ்லிம்களைப் புலிகள் வெளியேற்றினார்கள். யாழ்ப்பாணத்தில் கொடுத்த அவகாசம் சில மணித்தியாலம். பிழை என்று 2002இல் புலிகளின் அரசியல் ஆலோசகர் பாலசிங்கமே ஒப்புக்கொண்டார். அதனால் ‘அப்ப உங்கட ஆக்களும்’ என்று தொடங்காதீர்கள். கிழக்கில் தமிழருக்கு நடந்ததும் உண்மை, அதைக் கதைக்க வேறு நாள் இருக்கிறது. நீங்கள் அப்போது பிறக்காமலேகூட இருந்திருக்கலாம், ஆனால் ‘எனக்குத் தெரியாது’ என்று நழுவினால் அவருக்கு உடனே விளங்கிவிடும். ‘நடந்தது தெரியும் ஐயா, அநியாயம்’ என்றால் போதும். அப்புறம் அவர் கேட்கப்போவது பெரும்பாலும் ஊர்க் கதைதான்: வற்றாப்பளைப் பொங்கலுக்கு இப்பவும் அவ்வளவு சனமா, றோட்டுப் போட்டாச்சா, திரும்பிப் போனவர்களுக்குக் காணி கிடைத்ததா. போனில் படம் இருந்தால் எடுத்துக் காட்டுங்கள்.