மிஞ்சின வெண்பொங்கல்ல ஆரஞ்சினி

இத்தாலில சிசிலி பக்கம் குங்குமப்பூ போட்ட சாதத்துக்குள்ள கறியும் பட்டாணியும் வச்சு உருட்டி பொரிப்பாங்க, அதுதான் ஆரஞ்சினி, பலெர்மோல உருண்டையா இருக்கும் கத்தானியால கூம்பு மாதிரி பிடிப்பாங்க. அதையே வெண்பொங்கல்ல செஞ்சு பாருங்க, ஸ்டார்ட்டருக்கு அவ்ளோ நல்லாருக்கும், பருப்பு குழைஞ்சிருக்கறதால முட்டை சேர்க்காமலே உருண்டை பிடிக்க வரும்.

பொங்கல் ஆறினதும் வெளியவே வச்சிருக்காம ஃப்ரிட்ஜ்ல வச்சு இறுக விடுங்க, இதுதான் ரொம்ப முக்கியம், சூடா இருக்கறப்ப உருட்டினா எண்ணெய்ல பிரிஞ்சிடும். நெய் அதிகமா இருந்தா 2 ஸ்பூன் அரிசி மாவு சேர்த்து பிசையுங்க. எலுமிச்சம்பழ சைஸ் எடுத்து கையில தட்டி, நடுவுல இட்லி பொடில பிரட்டின மொசரெல்லா சீஸ் துண்டு ஒண்ணு வச்சு வெடிப்பில்லாம மூடுங்க, வெடிப்பு இருந்தா சீஸ் உருகி வெளிய வந்து எண்ணெய்லாம் பாழாயிடும். பன்னீர் இதுக்கு வேண்டாம், அது உருகி இழுபடாது.

மைதாவ தோசை மாவு பதத்துல தண்ணில கரைச்சு அதுல முக்கி, பிரெட் தூள்ல புரட்டி, இன்னொரு 30 நிமிஷம் ஃப்ரிட்ஜ். எண்ணெய்ல பிரெட் தூள் கொஞ்சம் போட்டா உடனே பொரிஞ்சு மேல வரணும், அப்ப மிதமான தீல நாலு நாலா போட்டு பொன்னிறமா எடுங்க, மொத்தமா போட்டா எண்ணெய் சூடு இறங்கி குடிச்சிடும்.

தொட்டுக்க கெட்டியா காரமா தக்காளி சட்னி, சாம்பார் வேணாம், மொறுமொறுப்பு போயிடும்.