உரிமைகள் பற்றிய சட்டக் கட்டுரைகளைப் படிக்கையில் மலையகத்தில் நாம் செய்யும் தவறுகள்

பொகவந்தலாவைப் பக்கத்துத் தோட்டமொன்றிலிருந்து ஓர் இளைஞர் என்னிடம் கொண்டுவந்த கோவையில், சமத்துவ உரிமையைப் பற்றிச் சட்ட அறிஞர் ஒருவர் எழுதிய கட்டுரையின் போட்டோப் பிரதி இருந்தது. அந்த உரிமையைத் தரும் இலங்கை அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை வரும் இடங்களிலெல்லாம் சிவப்புப் பேனாவால் கோடிட்டிருந்தார். அதற்குக் கீழே, அரச அலுவலகம் ஒன்று அவருக்கு நியமனத்தை மறுத்து அனுப்பிய கடிதம் இருந்தது. அந்தக் கடிதத்தின் திகதிக்கும் அவர் என் முன்னால் அமர்ந்திருந்த நாளுக்கும் இடையே 11 வாரங்கள் கழிந்திருந்தன. கட்டுரையை அவர் நன்றாகவே விளங்கிக்கொண்டிருந்தார். ஆனால் அடிப்படை உரிமை மீறல் மனுவை ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும் என்று கூறும் 126ஆம் உறுப்புரை அந்தக் கட்டுரையில் ஓரிடத்திலும் இல்லை.

உரிமையைப் படித்துவிட்டு வழிமுறையைப் படிக்காமல் விடுவதே நான் அடிக்கடி காணும் தவறு. அறிஞர்கள் பெரும்பாலும் தம் துறையினருக்காக எழுதுகிறார்கள். கால எல்லையை வாசகர் அறிவார் என்று எடுத்துக்கொள்கிறார்கள். கொழும்பு புதுக்கடையில் உள்ள உயர் நீதிமன்றத்துக்குச் சட்டத்தரணி ஒருவரைப் பிடித்து மனுவை அனுப்ப வேண்டிய தோட்டத்து மனிதருக்கோ, சம்பள நாளைப் பார்த்துக் காத்திருப்பதிலேயே அந்த மாதத்தில் பாதி போய்விடும். பல தோட்டங்களில் தபால் லயத்துக்கு, அதாவது தொழிலாளரின் வரிசை வீடுகளுக்கு, நேரே வருவதில்லை. தோட்ட அலுவலகத்தில் கிடந்துதான் கைக்கு வருகிறது. மனுதாரர் விடயத்தை அறிந்த நாளிலிருந்து நீதிமன்றம் காலத்தைக் கணக்கிட்ட சந்தர்ப்பங்கள் உண்டு. ஆகவே கடித உறையைத் தூக்கி எறியாதீர்கள். தபால் முத்திரை தெரியும்படி அதை வைத்துக்கொண்டு, கையில் கிடைத்த நாளையும் கொடுத்தவர் யார் என்பதையும் அன்றே எழுதிவையுங்கள்.

இதனோடு சேர்ந்த இன்னொரு தவறான நம்பிக்கை, மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு எழுதினால் ஒரு மாதக் கணக்கு தானாகவே நின்றுவிடும் என்பதாகும். 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி, அந்த முறைப்பாடும் ஒரு மாதத்துக்குள் செய்யப்பட்டிருக்க வேண்டும். விசாரணை நிலுவையில் உள்ள காலம் மட்டுமே கணக்கிலிருந்து விடப்படும். முறைப்பாட்டுப் பிரதியை மட்டும் காட்டுவது போதாது, விசாரணை உண்மையில் நடைபெறுகிறது என்பதற்குச் சான்று வேண்டும் என்று உயர் நீதிமன்றம் பல வழக்குகளில் கூறியிருக்கிறது. பற்றுச்சீட்டைப் பத்திரமாக வைத்துக்கொண்டு ஆறு மாதம் பொறுத்திருந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். அவர்களிடம் இதைச் சொல்வது எனக்கு எப்போதும் கடினமாகவே இருக்கிறது.

தமிழில் கிடைக்கும் சட்ட எழுத்துகளில் பெரும்பகுதி தமிழ்நாட்டிலிருந்து வருவதால் வேறொரு குழப்பமும் நேர்கிறது. அங்கே உயர் நீதிமன்றம் என்றால் மாநிலத்து நீதிமன்றம். இங்கே அதே சொல் நாட்டின் அதியுயர்ந்த நீதிமன்றத்தைக் குறிக்கும். அங்கே உயர் நீதிமன்றத்திலும் உரிமை வழக்குத் தொடுக்கலாம் என்று படித்துவிட்டு, உயர் நீதிமன்றத்துக்குக் கீழுள்ள நமது மேல் நீதிமன்றத்துக்குப் போக நினைப்பவர்கள் உண்டு. சொல்லோடு போகும் வேறுபாடும் அல்ல இது. நிறைவேறிவிட்ட சட்டத்தையும் இந்திய நீதிமன்றங்கள் செல்லாது என்று அறிவிக்க முடியும். இலங்கையின் 1978ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 80(3)ஆம் உறுப்புரையோ, சபாநாயகரின் சான்று இடப்பட்ட பின் ஒரு சட்டத்தின் செல்லுபடியை எந்த நீதிமன்றமும் கேள்விக்கு உட்படுத்துவதைத் தடுக்கிறது. வாழ்வதற்கான உரிமை நமது உரிமைகள் அத்தியாயத்தில் வெளிப்படையாக எழுதப்படவில்லை. பொலிஸ் காவலில் சித்திரவதைக்கு உள்ளாகிப் பின்னர் இறந்தவர் ஒருவரின் மனைவி தொடுத்த வழக்கில், 2003இல் உயர் நீதிமன்றம் மற்ற உறுப்புரைகளிலிருந்து அதை உய்த்தறிந்துதான் நிவாரணம் வழங்கியது.

எதிர்த்தரப்பு யார் என்பதைப் பார்க்காமல் விடுவதும் நம்மிடம் அதிகம். 126ஆம் உறுப்புரை அரசின் ஆட்சித்துறைச் செயலுக்கும் நிருவாகச் செயலுக்கும் எதிரானது. தோட்டங்கள் அரச கூட்டுத்தாபனங்களின் கையில் இருந்த காலத்து எழுத்தை, 1992இல் நிருவாகம் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளுக்கு மாறிய பிறகும் அப்படியே பொருத்திப் பார்ப்பது சரிவராது. வேலைநீக்கத்துக்கு வழி தொழில் நியாய சபைதான். அதற்கும் ஆறு மாத எல்லை இருக்கிறது.

‘இருக்க வேண்டும்’ என்று எழுதப்பட்டதை ‘இருக்கிறது’ என்று படிக்கும் பழக்கத்தையும் விட வேண்டும். சட்ட அறிஞர் நீலன் திருச்செல்வம் போன்றவர்களின் உழைப்பு கலந்த 1995ஆம் ஆண்டின் அதிகாரப் பகிர்வு யோசனைகள் சட்டமாகவில்லை. 1999 ஜூலை 29இல் அவர் கொல்லப்பட்டு ஓர் ஆண்டுக்குப் பின் பாராளுமன்றத்துக்கு வந்த அரசியலமைப்பு மசோதாவும் நிறைவேறவில்லை. ஐக்கிய நாடுகள் உடன்படிக்கைகளைப் பற்றிய கட்டுரைகளைப் படிக்கும்போதும் இந்த வேறுபாடு நினைவில் இருக்கட்டும்: 2006இல் சிங்கராசா வழக்கில், உள்நாட்டுச் சட்டம் இயற்றப்படாமல் அந்த உடன்படிக்கை உரிமைகளை இங்கே நிலைநாட்ட முடியாது என்று உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

ஆயினும் நம் மக்களை நேரடியாகத் தொட்ட ஒரு தீர்ப்பையே நாம் மிகவும் மேலோட்டமாகப் படித்திருக்கிறோம். 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டமும் 1949ஆம் ஆண்டின் 48ஆம் இலக்கத் தேர்தல் திருத்தச் சட்டமும் சேர்ந்து மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோரின் வாக்குரிமையைப் பறித்தன. 1947இல் 7 ஆசனங்களை வென்ற இலங்கை இந்தியக் காங்கிரஸுக்கு 1952இல் ஒன்றும் கிடைக்கவில்லை. இந்தச் சட்டங்களை எதிர்த்த கொடாக்கன் பிள்ளை வழக்கு, அன்றைய இறுதி மேன்முறையீட்டு மன்றமான இலண்டன் பிரிவி கவுன்சிலில் 1953இல் தோற்றது. அதோடு நம்மில் பலர் பக்கத்தை மூடிவிடுகிறார்கள்: பாகுபாடு சரி என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது, அவ்வளவுதான் என்பார்கள். தீர்ப்பு சொன்னது அதுவல்ல. தன் பிரஜைகள் யார் என்று வரையறுப்பது சட்டமன்றத்தின் இயல்பான பணி என்றும், விண்ணப்பித்துப் பிரஜாவுரிமை பெற 1949ஆம் ஆண்டின் 3ஆம் இலக்கச் சட்டம் வழி வைத்திருக்கிறது என்றும், ஆகவே ஒரு சமூகத்தின் மீது மட்டும் தகுதியீனம் சுமத்துவதைத் தடுத்த, அன்றைய அரசியலமைப்பான சோல்பரி யாப்பின் 29(2)ஆம் பிரிவு மீறப்படவில்லை என்றும் அது கூறியது. சட்டத்தின் வாசகத்தைப் பார்த்தது. லயத்தில் அது என்ன செய்தது என்பதைப் போதுமான அளவு பார்க்கவில்லை. அங்கேதான் அந்தத் தீர்ப்பு தவறியது என்று நான் உறுதியாக நம்புகிறேன். ஆனால் அதே தீர்ப்பு, நேராகச் செய்யக் கூடாததைச் சட்டமன்றம் சுற்றுவழியில் செய்தால் அதுவும் செல்லாமற் போகலாம் என்ற கொள்கையை ஏற்றுக்கொண்டது. முடிவை மட்டும் படித்தவர்களுக்கு அந்த வரி தெரியாது.

தீர்ப்புகளை மட்டுமே தொடரும் கட்டுரைகளைப் படிப்பவர்களுக்கு இந்தக் கதையின் மறுபாதியும் தெரியாமல் போகும். நாடற்ற நிலையைத் தீர்த்துவைத்தது எந்த வழக்கும் அல்ல. பாராளுமன்றம் இயற்றிய 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம். 1964 ஒக்டோபர் 30 முதல் இலங்கையில் நிரந்தரமாக வாழ்ந்துவந்த இந்திய வம்சாவளியினரையும் அவர்களுடைய சந்ததியினரையும் அது பிரஜைகளாக்கியது. அந்தத் திகதி, நம் மக்களைக் கேட்காமலே 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்ட சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தான நாள்.