தவறுதலான ஓபியாய்டு ஓவர்டோஸுக்கு கோட் போடுவது எப்படி

சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் உட்கார்ந்து அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் சார்ட்டுகளுக்கு (நோயாளிப் பதிவுகளுக்கு) நோய்க் கோட் போடுகிறவர்கள் நம்மில் நிறையப் பேர் இருக்கிறோம். எமர்ஜென்சி சார்ட் பார்ப்பவர்களுக்கு ஓபியாய்டு (மார்ஃபின், ஹெராயின் வகை மருந்து) ஓவர்டோஸ் அடிக்கடி வரும். அமெரிக்காவின் நோய்க் கோட் பட்டியலான ஐசிடி-10-சிஎம்மில் அதற்கான இடம் டி40 (ஆங்கில T). அங்கே புதியவர்கள் தடுமாறுவது மருந்தின் பெயரில் இல்லை, கோடின் ஆறாவது கேரக்டரில்தான் (புள்ளியை எண்ணாமல் ஆறாவது இடம்). அதனால் அதிலிருந்தே ஆரம்பிக்கிறேன்.

ஆறாவது கேரக்டர் 1 என்றால் தவறுதலாக நடந்தது, 2 தன்னைத் தானே வருத்திக்கொள்ள எடுத்தது, 3 இன்னொருவர் கெடுநோக்கில் கொடுத்தது, 4 நோக்கத்தைத் தீர்மானிக்க முடியாதது, 5 அட்வர்ஸ் எஃபெக்ட் (சரியாக எடுத்தும் வந்த பக்கவிளைவு), 6 அண்டர்டோசிங் (சொன்னதைவிடக் குறைவாக எடுத்தது). சார்ட்டில் நோக்கம் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லையா, 1 போடுங்கள். 4 போட வேண்டுமானால் தீர்மானிக்க முடியவில்லை என்று டாக்டரே எழுதியிருக்க வேண்டும், உங்களுக்குப் புரியவில்லை என்பது காரணம் ஆகாது.

இன்னொரு இடறல்: ஹெராயினைத் தெரிந்தேதான் ஊசி போட்டுக்கொண்டார், அப்போது 2 தானே என்று கேட்பார்கள். இல்லை. போதைக்காகத் தெரிந்தே எடுத்தார், உயிரை மாய்த்துக்கொள்ள எடுக்கவில்லை, அதனால் 1. இங்கே 2 போட்டால் செய்யாத ஒரு தற்கொலை முயற்சி அந்த மனிதரின் மருத்துவப் பதிவில் ஏறி நிற்கும், அவர் போகிற இடமெல்லாம் கூடவே வரும். அதே மாதிரி மனநல மருத்துவரின் குறிப்பில் தற்கொலை எண்ணம் தெளிவாக இருக்க, அதைப் படிக்காமல் 1 போடுவதும் பெரிய தவறு. முதல் பக்கத்தோடு நிறுத்தாமல் நர்ஸ் குறிப்பு, ஆம்புலன்ஸ் குறிப்பு எல்லாம் படியுங்கள். டாக்டர் எழுதியதோடு அவை முரண்பட்டால் விளக்கம் கேட்டு டாக்டருக்கு குவெரி அனுப்புங்கள்.

இப்படி ஒரு சார்ட்டை எடுத்துக்கொள்வோம். 58 வயதுப் பெண், முதுகுவலிக்கு ஆக்சிகோடோன் 5 மி.கி., ஆறு மணி நேரத்துக்கு ஒன்று. இரவில் வலி தாங்காமல் நாலைந்து மாத்திரை சேர்த்துப் போட்டுக்கொண்டார், மகள் எழுப்பியபோது எழவில்லை. கண்மணி ஊசிமுனை அளவு, நிமிடத்துக்கு 6 மூச்சு, ஓபியாய்டை முறிக்கும் நலோக்சோன் ஸ்ப்ரே 4 மி.கி. மூக்கில் அடித்ததும் விழித்தார் என்று ஆம்புலன்ஸ்காரர் எழுதியிருக்கிறார். ஆக்சிகோடோன் ஓவர்டோஸ், அக்யூட் ஹைபாக்சிக் ரெஸ்பிரேட்டரி ஃபெயிலியர் (ஆக்சிஜன் குறைந்து திடீரென வந்த மூச்சுச் செயலிழப்பு), தற்கொலை எண்ணம் இல்லை என்கிறார் டாக்டர். முதலில் ஓவர்டோஸுக்கு டி40.2எக்ஸ்1ஏ (எக்ஸ் காலியிடத்தை நிரப்பும் எழுத்து), அடுத்து மூச்சுச் செயலிழப்புக்கு ஜே96.01. நீண்ட நாளாக ஓபியாய்டு எடுக்கிறார் என்று இருந்தால் இசட்79.891.

அதே பெண், டாக்டர் சொன்ன அளவை, சொன்ன நேரத்தில் சரியாகப் போட்டும் இப்படி ஆனால் அது பாய்சனிங் (மருந்தைத் தவறாக எடுத்ததால் வந்த பாதிப்பு) இல்லை, அட்வர்ஸ் எஃபெக்ட். அப்போது வரிசை தலைகீழ்: ஜே96.01 முதலில், பிறகு டி40.2எக்ஸ்5ஏ. மாத்திரையைச் சரியாகப் போட்டு, கூடவே மது குடித்ததால் வந்த வினை என்றால் மறுபடி பாய்சனிங்தான், அதேபோல் டாக்டர் எழுதித் தராத இன்னொரு மருந்தைத் தானாகச் சேர்த்துக்கொண்டாலும். இந்த வரிசை பணத்தையும் தொடுகிறது. உள்நோயாளி சார்ட்டில் பாய்சனிங்கை முதலில் வைத்தால் டிஆர்ஜி (ஆஸ்பத்திரிக்குக் கிடைக்கும் பணத்தைத் தீர்மானிக்கும் வகை) 917 பக்கம் போகும், மூச்சுச் செயலிழப்பை முதலில் வைத்தால் 189. எது அதிகம் தருகிறது என்று பார்த்து வரிசை போடக் கூடாது, பாய்சனிங் என்றால் அதுதான் முதலில்.

மருந்துக்கு வருவோம். ஹெராயின் டி40.1, மார்ஃபின், கோடீன், ஆக்சிகோடோன், ஹைட்ரோகோடோன் எல்லாம் டி40.2, மெத்தடோன் டி40.3. ஹெராயினுக்கு 5, 6 கிடையாது, ஏனென்றால் அமெரிக்காவில் அதை யாரும் மருந்தாக எழுதித் தருவதில்லை. டி40.4 மட்டும் 2020 அக்டோபர் 1 முதல் பிரிந்துவிட்டது: ஃபென்டனில் டி40.411ஏ, டிராமடால் டி40.421ஏ, மற்ற செயற்கை ஓபியாய்டுகள் டி40.491ஏ. இவற்றில் நடுவில் எக்ஸ் வராது. பழைய டி40.4எக்ஸ்1ஏ இப்போது செல்லாது, பழைய நோட்ஸில் இருந்தால் அடித்துவிடுங்கள். மருந்து அட்டவணையில் பார்த்ததோடு விடாமல் டேபுலர் லிஸ்ட்டிலும் (கோடுகள் வரிசையாக இருக்கும் முழுப் பட்டியல்) சரிபாருங்கள்.

தெருவில் ஆக்சிகோடோன் என்று வாங்கிய போலி மாத்திரையில் ஃபென்டனில் இருந்ததாக டாக்டர் எழுதினால் ஃபென்டனில் கோட்தான். ஆனால் யூரின் ரிசல்ட்டை மட்டும் பார்த்து நீங்களே முடிவு செய்யாதீர்கள். வழக்கமான ஓபியேட் ஸ்கிரீனில் ஃபென்டனில் தெரியாது. தனி டெஸ்டில் தெரிந்தாலும் அது மூச்சுக்குழாயில் டியூப் போடும்போது ஆஸ்பத்திரியிலேயே கொடுத்ததாக இருக்கலாம். ஒன்றுக்கு மேற்பட்ட மருந்து என்றால் ஒவ்வொன்றுக்கும் தனி கோட். உதாரணமாக கோகெய்னும் சேர்ந்திருந்தால் டி40.5எக்ஸ்1ஏ.

ஏழாவது கேரக்டர் ஏ என்பது முதல் விசிட் என்று பொருளல்ல, அந்தப் பாதிப்புக்கான நேரடி சிகிச்சை நடக்கும்வரை ‘ஏ’தான். வேறு ஆஸ்பத்திரிக்கு மாற்றினாலும் அப்படியே. குணமாகி வரும் கட்டத்தில் டி (ஆங்கில D), பின்விளைவுக்கு எஸ்.

அடிமைப்பழக்கம் இருப்பதாக டாக்டர் எழுதியிருந்தால் எஃப்11.20 மாதிரி ஒன்றைச் சேருங்கள், ஓவர்டோஸ் என்பதற்காக மட்டும் சேர்க்காதீர்கள். அப்புறம், இறப்புப் புள்ளிவிவரத்தில் எக்ஸ்42 என்று ஒரு கோட் பார்த்திருப்பீர்கள், அது இறப்புக்குப் பயன்படும் ஐசிடி-10இல் இருப்பது. சிஎம்மில் அது கிடையாது, நோக்கம் டி கோடுக்குள்ளேயே அடங்கிவிடுகிறது. எங்கே நடந்தது என்று சார்ட்டில் இருந்தால் ஒய்92 சேர்க்கலாம்.