நாழிகைத் தையல்: முதல் பத்துத் தையல் போடுவது எப்படி?

முதலில் கணக்கைச் சொல்லிவிடுகிறேன். ஒரு நாளைக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 60 விநாழிகை, ஒரு விநாழிகை என்பது 24 நொடி. நாழிகைத் தையல் என்பது நேரத்தைத் துணி மடிப்பில் பிடித்து வைத்து, வேண்டும்போது விடுகிற தையல். அதில் ஒரு தையல் ஒரு விநாழிகையைப் பிடிக்கும். கூடவும் பிடிக்காது, குறையவும் பிடிக்காது. பத்துத் தையல் போட்டால் நான்கு நிமிடம் கையில். இன்றைக்கு அந்தப் பத்தோடு நிறுத்திக்கொள்வோம், ஆசைப்பட்டு நூறு போட்டுவிட்டு அப்புறம் என்னிடம் வந்து அழ வேண்டாம்.

ரவிக்கை தைக்கக் கொடுத்தவர்களுக்கு இது சட்டென்று விளங்கும். நல்ல தையல்காரர் பக்கவாட்டில் கொஞ்சம் துணியை உள்ளே விட்டு, இரண்டு மூன்று தையல் வரிசையாகப் போட்டுத் தருவார். உடம்பு போட்டால் ஒரு தையலைப் பிரித்துக்கொள்ளலாம். நேரமும் அப்படித்தான். தொளதொளவென்று கிடக்கும் இடத்தில் பிடிக்கிறோம், இறுக்கமான இடத்தில் விடுகிறோம். உள்ளே துணி இல்லாத ரவிக்கையை எந்தத் தையல்காரராலும் பெரிதாக்க முடியாது, அதனால் பிடித்து வைக்காமல் விட முடியுமா என்று யாரும் கேட்காதீர்கள்.

சாமான்கள் அதிகமில்லை. கைக்குட்டை அளவு வெள்ளைப் பருத்தித் துணி, பழைய வேட்டிக் கிழிசல் இருந்தால் இன்னும் நல்லது. பாலியெஸ்டர் வேண்டாம், மடிப்பு நிற்காமல் நழுவும், பிடித்த நேரமும் கூடவே நழுவும். ஊசி 9ஆம் எண். எண் ஏற ஏற ஊசி மெலியும், புதிதாகத் தைப்பவர்கள் இதைத் தலைகீழாக நினைத்துக்கொண்டு சாக்கு தைக்கிற மாதிரி ஒன்றை வாங்கி வந்துவிடுகிறார்கள். எம்பிராய்டரி நூலில் ஆறு இழை இருக்கும், அதில் ஓர் இழையை மட்டும் மெதுவாக உருவி எடுங்கள். விரல் நுனியிலிருந்து முழங்கை வரை நீளம் போதும், அதற்கு மேல் போனால் சிக்கும். எல்லாமே இங்கே மலேசியாவில், பினாங்கு லிட்டில் இந்தியாவில், லெபோ பாசார் தெருப் பக்கத்துத் துணிக்கடைகளில் கிடைக்கும். பாட்டி காலத்து பிஸ்கட் டின் வீட்டில் இருந்தால் கடைக்கே போக வேண்டாம், உள்ளே பிஸ்கட் இருக்காது என்பது உங்களுக்கே தெரியும்.

அடுத்தது கடிகாரம். கைப்பேசியை நம்பாதீர்கள், அது வலைத்தொடர்பிலிருந்து நேரத்தை வாங்கிக்கொண்டே இருப்பதால் நீங்கள் பிடித்ததை உடனே சரிக்கட்டிவிடும். முள் வைத்த கடிகாரம்தான் வேண்டும். நான் பழகியது கார்ன்வாலிஸ் கோட்டைப் பக்கத்து மணிக்கூண்டுக்குக் கீழே. விக்டோரியா மகாராணி ஆட்சிக்கு 60 ஆண்டு நிறைந்ததற்காக, ஆண்டுக்கு ஓர் அடி என்று 60 அடி உயரத்தில் கட்டியது, ஆக அதுவும் ஒரு வகையில் நேரத்தை அளந்து வைத்த பொருள்தான். பட்டர்வொர்த் பெர்ரிக்குக் காத்திருக்கும் நேரமும் நல்ல பயிற்சி. கட்டாயம் காத்திருக்க வேண்டிய, மனதுக்கு ஒட்டாத நேரமாக இருக்க வேண்டும், அதுதான் முக்கியம்.

சரி, தைப்போம். நூல் நுனியில் ஒரு முடிச்சு. துணியை ஓரத்திலிருந்து இரண்டு விரல் தள்ளி மடித்து, மடிப்பை நகத்தால் ஒரு கீறு கீறுங்கள். மடிப்பின் இரண்டு பக்கத்தையும் சேர்த்துக் குத்தி, ஓட்டுத் தையலாக, ஒரு அரிசி நீளத்துக்கு ஒன்று. ஊசி உள்ளே போகும்போது மூச்சை வெளியே விடுங்கள், வெளியே வரும்போது கடிகாரத்தைப் பாருங்கள். சரியாக விழுந்திருந்தால் நொடி முள் ஒரு குதி குதித்து 24 நொடி தள்ளி உட்கார்ந்திருக்கும். முள் அசையாவிட்டால் நீங்கள் ஒரு பக்கத்தைத்தான் குத்தியிருக்கிறீர்கள், திருப்பிப் பாருங்கள். பத்தாவது முடிந்ததும் நூலை இழுத்து இறுக்காதீர்கள், முடிச்சும் போடாதீர்கள், கட்டைவிரல் நீளத்துக்கு வால் விட்டு வெட்டுங்கள். பழக்க தோஷத்தில் கடைசியில் ஒரு பின் தையல் போட்டுவிட்டால் அவ்வளவுதான், பூட்டிக்கொள்ளும். வேண்டாத நாளை அப்படிப் பூட்டி வைப்பவர்கள் இருக்கிறார்கள், நான் சொல்லித்தர மாட்டேன்.

விடுவது சுலபம். வாலைப் பிடித்து ஒரு தையல் மட்டும் உருவுங்கள். மாமாக் கடையில், அதாவது இங்குள்ள தமிழ் முஸ்லிம் சாப்பாட்டுக் கடையில், எனக்கு முதல்முறை நடந்தது இன்னும் கண்ணில் நிற்கிறது: நொடி முள் ஒரே இடத்தில் நின்று துடிக்கிறது, தே தாரேக் என்கிற இழுத்து ஆற்றும் டீயை ஆற்றுகிறவர் கையிலிருந்து இறங்கிய டீ ஒரு முழம் நீளத்துக்கு அந்தரத்தில், கோப்பை நுரையில் ஒரு குமிழ்கூட உடையவில்லை. 24 நொடி கழித்து டீ விழுந்த சத்தத்தில் நான்தான் பயந்தேன். வயது ஏறுமா என்று கேட்பார்கள். ஏறாது, உங்கள் நேரத்தைத்தானே இடம் மாற்றி வைக்கிறீர்கள்.

ஊசிக்கு நல்ல நேரம், வீண் நேரம் என்ற பேதம் தெரியாது. பெரியம்மா மகள் கல்யாணத்தில் ஐயர் மந்திரம் நீண்டுகொண்டே போகிறதே என்று மடியில் துணியை வைத்து ஒரு இருபது தையல் ஓட்டினேன், எட்டு நிமிடம். நிமிர்ந்து பார்த்தால் அட்சதை எல்லாம் தரையில், தாலி கட்டி முடித்துவிட்டார்கள். அந்த எட்டு நிமிடத்தை அப்புறம் மணவறைக்கு எதிரேயே உட்கார்ந்து விட்டுப் பார்த்தேன். எல்லாரும் போட்டோவுக்குச் சிரித்தபடி சிலை மாதிரி நின்றார்கள், அவ்வளவுதான். அக்கா இன்றைக்கும் அதைச் சொல்லிக் காட்டுவார்.

ராகு காலத்தில் தைக்கலாமா என்பது அடுத்த கேள்வி. பாட்டி தைக்க மாட்டார், ஆனால் தமிழ்நாட்டு நாட்காட்டியைப் பார்த்து திங்கள் 7.30 முதல் 9 என்று ஒதுக்குவதைக் கண்டால் சிரிப்பார். அது காலை 6 மணிக்குச் சூரியன் வருவதாக வைத்துப் போட்ட கணக்கு, பினாங்கில் 7 மணிக்கு மேல்தான் விடியும். உள்ளூர் நாட்காட்டியைப் பாருங்கள். மலேசியத் தீபகற்பத்தின் கடிகாரத்தை கிழக்கே இருக்கும் சபா, சரவாக் மாநிலங்களின் நேரத்தோடு சேர்த்ததில் நம் கடிகாரம் சூரியனைவிட இன்னும் முன்னால் போய்விட்டது. 1981 டிசம்பர் 31 இரவு 11.30 மணியைப் பிடித்து 12 ஆக்கினார்கள், அந்த அரை மணி நேரம் யாருக்கும் கிடைக்கவில்லை.

பாட்டிக்குக் கிடைத்தது. அன்று இரவு திண்ணையில் உட்கார்ந்து ஒரு தலையணை உறை ஓரத்தில் 75 தையல் போட்டார், கணக்கு சரியாக 30 நிமிடம். கடைசி வரை அதை விடவில்லை. அவருக்கு மூச்சு வாங்கிய இரவில் அம்மா அந்த வாலை விரலில் சுற்றிக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். பாட்டி கண்ணைத் திறந்து பார்த்து, "வலிக்குதுடி, நீட்டாத" என்றார்.

உறை இப்போது என் அலமாரியில். வாஷிங் மெஷினில் போடுவதில்லை, கையால் அலசி நிழலில் உலர்த்துகிறேன். உங்கள் பத்துத் தையலையும் அப்படியே பார்த்துக்கொள்ளுங்கள், நம் ஊர் வெயிலில் பருத்தி நூல் சீக்கிரம் இற்றுவிடும், இற்றால் ஏதாவது சிக்னலில் நிற்கும்போது நான்கு நிமிடமும் மொத்தமாகக் கொட்டிவிடும்.