பாங்காக்கிலிருந்து காஞ்சனபுரி: சயாம் மரண ரயிலையும் குவாய் ஆற்றையும் ஒரே நாளில் பார்ப்பது எப்படி?

பாங்காக் போகிற நம்மவர்கள் கோயில், கடைத்தெரு, கடற்கரை என்று சுற்றிவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். மேற்கே 130 கிலோமீட்டர் தள்ளி இருக்கிற காஞ்சனபுரிக்கும் ஒரு நாள் ஒதுக்குங்கள். இரண்டாம் உலகப் போரில் ஜப்பானிய ராணுவம் போட்ட சயாம்-பர்மா ரயில்பாதையின் ஒரு பகுதியில் இன்றும் ரயில் ஓடுகிறது. சயாம் என்பது தாய்லாந்தின் பழைய பெயர். அந்தப் பாதையைத்தான் மரண ரயில் என்கிறார்கள். அதன் ஓரமாகவே ஆறும், ஆற்றை நம்பிப் பிழைக்கிற ஊர்களும் இருக்கின்றன.

ஒரே ஒரு சிக்கல். வழக்கமான ஒருநாள் சுற்றுலாவில் குவாய் ஆற்று ரயில் பாலம், சாப்பாடு, படகு எல்லாம் வரும். அந்தப் பாதை போட்டு மாண்ட தமிழர்களின் இடங்கள் வராது. வழிகாட்டிமேல் குறை சொல்லிப் பயனில்லை, கேட்கிற ஆட்கள் குறைவு. அதனால் நாம்தான் கேட்டுத் திட்டத்தில் சேர்க்க வேண்டும். முதல் தடவை போகிறவர்கள் அதை எப்படிச் செய்வது என்று வரிசையாகச் சொல்கிறேன்.

முதலில் கொஞ்சம் வரலாறு

இதைத் தெரிந்துகொண்டு போனால்தான் அங்கே பார்ப்பது மனதில் நிற்கும். 1942ல் சிங்கப்பூரும் பர்மாவும் ஜப்பான் கைக்கு வந்தன. பர்மாவில் இருந்த படைக்குக் கடல் வழியாகச் சாமான் அனுப்பினால் நேச நாடுகளின் நீர்மூழ்கிக் கப்பல்கள் தாக்கும். அதனால் காட்டையும் மலையையும் வெட்டி, தாய்லாந்தின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தான்பியூசயாத் வரை 415 கிலோமீட்டருக்குப் பாதை போட முடிவு செய்தார்கள். 1942 நடுவில் தொடங்கிய வேலை 1943 அக்டோபரில் முடிந்துவிட்டது. அந்த வேகத்துக்குக் கொடுத்த விலை மனித உயிர்.

ஜப்பானியரிடம் பிடிபட்ட போர்க் கைதிகள் 60,000 பேருக்கு மேல் வேலை செய்தார்கள். 12,000க்கும் அதிகமானோர் இறந்தார்கள். வேலை செய்த ஆசியத் தொழிலாளர்கள் கைதிகளைப்போல மூன்று மடங்கு. பர்மியர், ஜாவாக்காரர், மலாய்க்காரர், சீனர், அவர்களோடு மலாயா ரப்பர் தோட்டங்களிலிருந்து போன தமிழர்கள். மலாயாவிலிருந்து மட்டும் 70,000க்கு மேல் கொண்டுபோனார்கள், பெரும்பாலோர் தமிழர்கள். மூன்று மாத வேலை, நாளுக்கு ஒரு வெள்ளி (மலாயா டாலர்) சம்பளம், சோறும் இருப்பிடமும் இலவசம் என்று சொல்லி ஆள் சேர்த்தார்கள். அது போதாமல் போனதும் பிடித்தே ஏற்றினார்கள். ஆசியத் தொழிலாளர்களில் இறந்தவர்கள் சுமார் 90,000 பேர் என்பது பரவலாகச் சொல்லப்படும் கணக்கு. துல்லியமான எண்ணிக்கை இல்லாததற்குக் காரணம் உண்டு. கைதிகளுக்கு அவர்களுடைய அதிகாரிகள் இருந்தார்கள், ராணுவ மருத்துவர்கள் இருந்தார்கள், யார் எங்கே இறந்தார் என்று ஒளித்து வைத்தாவது எழுதினார்கள். தோட்டத்துச் சனங்களுக்கு அப்படி யாரும் இல்லை. 1943 மழையில் காலரா பரவியபோது முகாம் முகாமாகச் செத்தார்கள். பெயர் எழுத ஆளில்லை.

படி 1: எந்த மாதிரிச் சுற்றுலா?

இரண்டு வகை கிடைக்கும். பலரோடு சேர்ந்து வேனில் போவது மலிவு. ஆனால் நேரம் நம் கையில் இல்லை. தனி வேனும் வழிகாட்டியும் எடுத்தால் செலவு கூடும், நாலைந்து பேராகப் போனால் பகிர்ந்துகொள்ளலாம். இந்தப் பயணத்துக்குத் தனி வேன்தான் சரி என்பேன்.

பணம் கட்டுவதற்கு முன் கேட்க வேண்டியவை: ரயிலில் கூட்டிப்போவீர்களா, அல்லது பாலத்தில் நின்று படம் எடுப்பதோடு சரியா? பாறையை ஒட்டி ரயில் போகிற தாம் கிரசே மரப்பாலம் உண்டா? போர்க் கல்லறைக்குப் பக்கத்தில் இருக்கிற வாட் தாவோர்ன் வராராம் கோயிலிலும், ஜப்பானியர் கட்டிய நினைவுத்தூணிலும் நிறுத்துவீர்களா? நுழைவுக் கட்டணமும் சாப்பாடும் சேர்த்தா? பதிலைக் குறுஞ்செய்தியாக வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். மிதவைச் சந்தையையும் யானைச் சவாரியையும் இதே நாளில் சேர்த்து விற்பார்கள். இரண்டையும் விட்டுவிடுங்கள். சந்தைக்கு இன்னொரு நாள் போகலாம். யானை முதுகில் ஏறாமல் இருப்பதே அதற்கு நல்லது.

படி 2: கிளம்புவதற்கு முன்

நவம்பர் முதல் பிப்ரவரி வரை வெயில் தாங்கும். நவம்பர் கடைசியில் பாலத்தருகே ஒளி, ஒலிக் காட்சியோடு திருவிழா நடக்கும், கூட்டம் அதிகம். மார்ச்சுக்கு மேல் போனால் தொப்பியும் தண்ணீரும் இல்லாமல் இறங்காதீர்கள். கோயிலுக்குள் போவதால் தோளும் முழங்காலும் மறைகிற உடை வேண்டும். தண்டவாளக் கட்டைமேல் நடக்க அழுத்தமான செருப்போ ஷூவோ போடுங்கள். ரயில் டிக்கெட்டுக்கும் சின்னக் கடைகளுக்கும் தாய்லாந்துப் பணமான பாட் நோட்டு கையில் இருக்கட்டும்.

சைவம் சாப்பிடுகிறவர்கள் 'கின் ஜே' என்ற சொல்லை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். வெறும் காய்கறி என்று கேட்டால் மீன் சாறு ஊற்றித்தான் வதக்குவார்கள். 'ஜே' என்றால் அதுவும் இல்லாமல் செய்து தருவார்கள்.

மலேசியாவில் சொந்தக்காரர்கள் இருந்தால் புறப்படுவதற்கு முன் ஒரு போன் போடுங்கள். "நம்ம குடும்பத்துல யாராவது சயாமுக்குப் போனாங்களா?" என்று பெரியவர்களிடம் கேளுங்கள். பெயரும் தோட்டத்தின் பெயரும் கிடைத்தால் எழுதிக்கொண்டு போங்கள்.

படி 3: காலையில் கல்லறையும் நடுகல்லும்

பாங்காக்கில் 6 மணிக்கே வண்டி ஏறிவிட்டால் 8:30 வாக்கில் காஞ்சனபுரி. ரயில் நிலையத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது போர்க் கல்லறை. கிட்டத்தட்ட 7,000 கைதிகள் அங்கே இருக்கிறார்கள்: பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சுக்காரர்கள். புல்வெளியில் முழங்கால் உயரம்கூட இல்லாத வரிசைக் கற்கள், ஒவ்வொன்றிலும் வெண்கலத் தகடு. பெயர், படைப்பிரிவு, இறந்த நாள், வயது. கீழே சிலவற்றில் வீட்டார் எழுதிய ஒரு வரி. வயதை மட்டும் படித்துக்கொண்டே நடந்து பாருங்கள். 22, 25, 23, 31 என்றே போகும். நுழைவாயில் கட்டடத்தில், தாய்லாந்தின் முஸ்லிம் கல்லறைகளில் அடக்கமான பிரிக்கப்படாத இந்திய ராணுவத்து வீரர்கள் 11 பேரின் பெயர்களும் உண்டு. வழிகாட்டிகள் பலர் கவனிக்காமல் போகிற இடம் அது.

அங்கிருந்து பக்கத்து வளாகம் வாட் தாவோர்ன் வராராம். மரண ரயிலில் மாண்ட தமிழர்களுக்காக 2023ல் அங்கே நடுகல் நாட்டினார்கள். போரில் வீழ்ந்தவனுக்குக் கல் நடுவது நம் பழைய வழக்கம். எண்பது வருடம் கழித்தாவது அந்த மரியாதை இவர்களுக்குக் கிடைத்தது. ஒரு முழம் பூ வாங்கிப் போங்கள். தாய்லாந்துத் தெருக்களில் மாலை கட்டி விற்கிறவர்கள் எங்கும் இருப்பார்கள். பெயர் எழுதிக் கொண்டுபோனவர்கள் அதை இங்கே ஒருமுறை வாய்விட்டுச் சொல்லலாம்.

9 மணிக்கு மேல் கல்லறைக்கு அடுத்துள்ள தாய்லாந்து-பர்மா ரயில்வே மையத்துக்குள் போங்கள். ஊரில் அருங்காட்சியகங்கள் பல உண்டு. ஒன்றுதான் பார்க்க நேரம் என்றால் இதைப் பாருங்கள். பாதை எப்படிப் போனது, எந்த முகாமில் யார் இருந்தார்கள் என்பதை வரைபடத்தோடு தெளிவாகக் காட்டியிருக்கிறார்கள்; ஆசியத் தொழிலாளர்களைப் பற்றியும் சொல்கிறார்கள்.

படி 4: ரயில்

பாங்காக் தோன்புரியிலிருந்து காலையில் வரும் வண்டி 10:30 மணியை ஒட்டி காஞ்சனபுரியில் நிற்கும். நேரம் மாறலாம், தாமதமும் ஆகும். முந்தின நாளே தாய்லாந்து ரயில்வே அட்டவணையைப் பார்த்துவிடுங்கள். வெளிநாட்டவருக்கு டிக்கெட் 100 பாட். பலரும் பாலத்தடி நிறுத்தத்தில் ஏறுவதால், ஒரு நிறுத்தம் முன்னாலேயே காஞ்சனபுரி நிலையத்தில் ஏறினால் உட்கார இடம் கிடைக்கும். போகும் திசையில் இடது பக்க ஜன்னலைப் பிடியுங்கள். வேன் உங்களை ஏற்றிவிட்டு, முன்னால் போய்த் தாம் கிரசேயில் காத்திருக்கட்டும்.

மூன்றாம் வகுப்புப் பெட்டி, திறந்த ஜன்னல், தலைக்கு மேல் மின்விசிறி. பாலத்தை நடை வேகத்தில் கடக்கும். அதற்கப்புறம் கரும்பும் மரவள்ளியும்தான் இருபக்கமும், தூரத்தில் சுண்ணாம்புக்கல் மலை. சின்னச் சின்ன நிலையங்களில் பழக்கூடையோடு கிழவிகள் ஏறி இறங்குவார்கள். உள்ளூர்க்காரர்களுக்கு இது சந்தைக்குப் போகிற வண்டி, அவ்வளவுதான்.

தாம் கிரசே வரும்போது எழுந்து நில்லுங்கள். ஒரு பக்கம் மலைப்பாறை, ஜன்னலுக்கு வெளியே கை நீட்டினால் உரசும், நீட்டாதீர்கள். இன்னொரு பக்கம் கீழே ஆறு. நடுவே பாறையை ஒட்டிச் சில நூறு மீட்டருக்கு மரக்கால்கள் மேல் பாதை வளைந்து போகிறது. கைதிகள் 1943ல் கட்டியது, பிறகு பழுதுபார்த்து வந்திருக்கிறார்கள். ரயில் ஊர்ந்து போகும். கட்டைகள் முனகுவது காதில் விழும்.

அடுத்து வரும் தாம் கிரசே நிறுத்தத்தில் இறங்கி, ரயில் போனபின் மரப்பாலத்தில் கொஞ்ச தூரம் நடந்து பாருங்கள். குறுக்குக் கட்டைகளை ஒவ்வொன்றாக மிதிக்கும்போது, இதைத் தோளில் சுமந்தவன் சாப்பிட்டது எவ்வளவு என்ற நினைப்பு வராமல் இருக்காது. பக்கத்துக் குகையில் ஒரு புத்தர் சிலை இருக்கிறது. மதியச் சாப்பாட்டை ஆற்றைப் பார்த்த கடைகளில் முடித்துக்கொள்ளலாம்.

படி 5: பாலமும் தமிழ் எழுத்தும்

வேனில் திரும்பி வர ஒரு மணி நேரம். பாலத்தில் வளைந்த இரும்புச் சட்டங்கள் ஜாவாவிலிருந்து கழற்றிக் கொண்டுவந்தவை. நடுவே நேர்க்கோட்டில் இருக்கிற இரண்டும் 1944-45 குண்டுவீச்சில் விழுந்ததற்குப் பதில் போருக்குப் பின் வைத்தவை. பாலத்தில் நடக்கலாம். ரயில் வந்தால் ஒதுங்குவதற்கு ஓரத்தில் சின்ன மேடைகள் உண்டு.

பிறகு ஆற்றோரமாகச் சில நிமிடம் நடந்தால் ஜப்பானியர் 1944ல் எழுப்பிய நினைவுத்தூண். கூட்டம் இங்கே வருவதில்லை. சுற்றுச்சுவரில் பல மொழிகளில் பளிங்குப் பலகைகள், அவற்றில் ஒன்று தமிழ். வேலை வாங்கிய ராணுவமே, இன்னும் போர் முடியாத நேரத்தில், தமிழில் எழுதி வைக்க வேண்டியிருந்தது என்றால் எத்தனை பேர் இறந்திருப்பார்கள்! அதை நின்று நிதானமாகப் படியுங்கள்.

படி 6: படகில் ஒரு மணி நேரம்

பாலத்தடிப் படகுத்துறையில் நீண்ட வால் படகு கிடைக்கும். மோட்டார் வண்டியின் எஞ்சினைப் பின்னால் தூக்கி வைத்து, அதிலிருந்து நீளமான கம்பி, நுனியில் விசிறி. ஓட்டுபவர் மொத்த எஞ்சினையும் கைப்பிடியால் திருப்பித்தான் படகைத் திருப்புகிறார். சத்தம் பலமாக இருக்கும், குழந்தைகளுக்குக் காதில் பஞ்சு வையுங்கள். மிதவைச் சட்டை கேட்டு வாங்கிப் போட்டுக்கொள்ளுங்கள். வேகம் வேண்டாம், மெதுவாகப் போகச் சொல்லி வழிகாட்டி மூலம் முதலிலேயே பேசிவிடுங்கள்.

பாலம் இருப்பது பெரிய குவாய். ஊருக்குக் கீழே சின்ன குவாய் வந்து சேர்ந்து, இரண்டும் மே குளோங் ஆறாகிக் கடலுக்குப் போகின்றன. படகு அந்தக் கூடுதுறை வரை போய்ச் சின்ன குவாய்க்குள் திரும்பும். கரையோரம் மூங்கிலிலும் தகரப் பீப்பாயிலும் மிதக்கிற வீடுகள். மேலே இருக்கிற அணைகளில் தண்ணீர் திறந்தால் ஆறு ஏறும், வீடும் கூடவே ஏறும். கரைக்குப் போட்ட பலகை மட்டும் சாய்மானம் மாறும். வலைக்கூண்டுகளில் செந்நிறத் திலாப்பியா வளர்க்கிறார்கள். தீனி போடுகிற நேரத்தில் கூண்டு கொதிப்பதைப் பார்க்கலாம். வாசலில் துணி காயும், படிக்கட்டில் யாராவது தட்டுக் கழுவிக்கொண்டிருப்பார்கள். கையசைத்தால் திருப்பி அசைப்பார்கள். வீட்டுக்குள் எட்டிப் படம் எடுக்க வேண்டாம்.

சின்ன குவாய்க் கரையில் சுங்காய் கல்லறையில் நிறுத்தச் சொல்லுங்கள். கைதிகளின் மருத்துவ முகாம் இருந்த இடம். 1,700க்கு மேற்பட்டவர்கள் அடக்கம். ஊருக்குள் இருக்கிற கல்லறையைவிட இங்கே அமைதி அதிகம்.

படி 7: திரும்புவது

4:30க்குள் படகை விட்டு இறங்கிவிடுங்கள். பாங்காக் நெருங்கும்போது நெரிசல் இருக்கும், 7:30, 8 மணி ஆகலாம். அன்றிரவு விமானம் பதிவு செய்யாதீர்கள்.

பாறையைச் சுத்தியலாலும் உளியாலும் குடைந்த நரக நெருப்புக் கணவாயையும் (Hellfire Pass) இதே நாளில் பார்க்க முடியுமா என்று கேட்பார்கள். காஞ்சனபுரியிலிருந்து இன்னும் 80 கிலோமீட்டர். ஓடி ஓடிப் பார்க்கிற இடம் இல்லை அது. காஞ்சனபுரியிலோ ஆற்று மிதவை விடுதியிலோ ஓர் இரவு தங்கி, மறுநாள் வெயில் ஏறுவதற்குள் போய்விடுங்கள். மலை வழியே இறங்கி ஏற வேண்டும், முழங்கால் வலி உள்ளவர்கள் மேலே இருக்கிற அருங்காட்சியகத்தோடு நிறுத்திக்கொள்ளலாம். நுழைவுக் கட்டணம் கிடையாது.