சாரல் அடிக்கும் ஊரில் வீட்டுக் கேமரா

செங்கோட்டை, புளியரைப் பக்கம் ஆனி ஆடிச் சாரல் நேராக விழாது. கணவாய்க் காற்றோடு மேற்கிலிருந்து சாய்ந்தடிக்கும். கேமராவை முடிந்தவரை மேற்கு பார்த்து மாட்டாதீர்கள். வேறு வழியில்லையென்றால் தாழ்வாரத்துக்குள் ஒரு முழம் தள்ளி மாட்டுங்கள். உயரம் 8, 9 அடி போதும். இன்னும் ஏற்றினால் வருபவரின் உச்சந்தலைதான் பதிவாகும்.

அட்டையில் ஐ.பி. 66 (தூசியும் நீரும் புகாது என்பதற்கான தரக்குறி) என்று இருந்தாலும், பின்னால் தொங்கும் கேபிள் இணைப்புக்கு அந்தக் காப்பு தானாக வந்துவிடாது. கூடவே வரும் ரப்பர் வளையத்தையும் மூடியையும் போட வேண்டும். கேபிளை மூடிக்குள் கோத்த பிறகே முனையில் ஜாக் அடிக்க முடியும். ஜாக் அடித்துவிட்டால் மூடி நுழையாது. அதனால்தான் பல வீடுகளில் அது குப்பைக்குப் போகிறது, முதல் மழையிலேயே பின்கள் பச்சை பூக்கின்றன. சுவருக்குள் நுழையுமுன் கேபிளில் கீழ்நோக்கி ஒரு வளைவு விடுங்கள், வழிந்து வரும் நீர் அங்கேயே சொட்டிவிடும்.

கேபிள் முழுச் செம்பாக இருக்கட்டும். அலுமினியத்தில் செம்பு பூசிய மலிவுச் சரக்கில் மின்னழுத்தம் அதிகம் குறையும். பகலில் ஒழுங்காக ஓடும் கேமரா, இரவில் அகச்சிவப்பு விளக்கு எரிந்ததும் அணைந்து அணைந்து எழுந்தால் முதலில் கேபிளைத்தான் சந்தேகப்பட வேண்டும். பி.ஓ.இ. (நெட்வொர்க் கேபிளிலேயே மின்சாரமும் போகும் முறை) என்றால் சுவிட்சிலிருந்து 100 மீட்டருக்குள் நிறுத்துங்கள்.

இனி பூட்டு. 2016இல் மிராய் என்ற நச்சுநிரல் லட்சக்கணக்கான கருவிகளைப் பிடித்தது பெரிய வித்தையால் அல்ல. ஆலையில் வைத்த பாஸ்வேர்டுகளை வரிசையாகப் போட்டுப் பார்த்தது, அவ்வளவுதான். ஆகவே முதல் வேலை பாஸ்வேர்டை மாற்றுவது, அடுத்தது கேமராவுக்குள் ஓடும் மென்பொருளான ஃபர்ம்வேரைப் புதுப்பிப்பது. ரௌட்டரில் யூ.பி.என்.பி. என்ற வசதியை அணையுங்கள், அது திறந்திருந்தால் கேமரா உங்களைக் கேட்காமலே வெளியுலகுக்கு வாசல் திறந்துகொள்ளும். "வெளியூரிலிருந்து பார்க்க போர்ட் ஃபார்வர்டு செய்து தருகிறேன்" என்று யாராவது சொன்னால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள், அதுவும் இணையத்திலிருந்து கேமராவுக்கு நேராக வாசல் திறப்பதுதான். வி.பி.என். (வீட்டு நெட்வொர்க்குக்குள் நுழையும் பூட்டிய தனி வழி) அல்லது பாஸ்வேர்டோடு இன்னொரு குறியீடும் கேட்கும் இரட்டைச் சரிபார்ப்பு உள்ள ஆப் போதும்.

வைஃபை கேமராவை கெஸ்ட் நெட்வொர்க்கில் போட்டால் வீட்டுக் கணினிகளிலிருந்து பிரிந்திருக்கும். ஆனால் ரெக்கார்டர் வேறு நெட்வொர்க்கில் இருந்தால் அதற்குக் கேமரா கண்ணில் படாது.

நேர மண்டலம் +5:30தானா என்று பாருங்கள். சீன நேரத்தில் இருந்தால் இரண்டரை மணி முந்திக் காட்டும். போலீஸிடம் பதிவைக் கொடுக்கும்போதுதான் அந்தக் குழப்பம் தெரியவரும். நொடிக்கு 2 மெகாபிட் வேகத்தில் முழுநேரப் பதிவு நாளுக்குச் சுமார் 22 ஜி.பி. தின்னும், 128 ஜி.பி. கார்டு ஐந்து நாளுக்கு மேல் தாங்காது. இன்வெர்ட்டர் லைனில் கேமராவோடு ரௌட்டரையும் சேருங்கள்.