வெக்கை வேறு, வெயில் வேறு: கதிர்வீச்சை அளக்கும்போது விடும் தவறுகள்

கச்சான் என்ற சூடான தென்மேற்குக் காற்று தொடங்கினால் திருகோணமலையில் "இந்த வெக்கைக்கு சோலர் அள்ளிக் கொட்டும்" என்பார்கள். முதல் தவறே அதுதான். பனலுக்கு வேண்டியது வெளிச்சம், சூடு அல்ல. வழக்கமான சிலிக்கன் பனலின் வலு ஒவ்வொரு பாகை செல்சியசுக்கும் 0.3 முதல் 0.4 வீதம் வரை இறங்கும். தகரக் கூரையில் அது 65 பாகைக்குப் போனால், 25 பாகையில் சோதித்துப் பின்புறம் அச்சிட்ட வலுவில் ஏறக்குறைய ஏழில் ஒரு பங்கு இல்லை. ஆகவே வெப்பமானியைப் பார்த்து வெயிலைக் கணிக்க முடியாது. கைபேசி காட்டும் லக்ஸ் கணக்கும் உதவாது. அது மனிதக் கண்ணுக்கான அளவு.

அப்புறம் வாற்றுக் குழப்பம். நண்பகலில் கதிர்வீச்சை அளக்கும் மீற்றர், சதுர மீற்றருக்கு 900 வாற்று காட்டியதும், 12 மணித்தியாலத்தால் பெருக்கி 10.8 அலகு (கிலோவாற்று மணி) என்று எழுதிவிடுகிறோம். 900 என்பது அந்தக் கணத்தின் அளவு. காலையும் மாலையும் சரிவாக விழும் வெயிலையும் சேர்த்தால், முகிலே இல்லாத நாளிலும் மொத்தம் 7 அலகைச் சுற்றித்தான் நிற்கும். மீற்றர் திடீரென 1200 காட்டினால் பழுது என்று கழற்றவும் வேண்டாம். வெள்ளை முகிலின் ஓரத்தில் பட்ட ஒளியும் சேர்ந்து விழுந்தால் சில நிமிடங்களுக்கு அப்படிக் கூடும்.

நான் அதிகம் ஏமாந்தது மட்டத்தில். மீற்றரை மொட்டைமாடிக் கைப்பிடிச் சுவரில் வைத்திருந்தேன். மாலையில் அளவு கூடுகிறது, காலையில் குறைகிறது. கடற்காற்றுக்கு முகில் கலைகிறது என்று எனக்கு நானே விளக்கமும் சொல்லிக்கொண்டேன்! பார்த்தால், மழைநீர் வடிவதற்காக மேசன் சுவரின் தலையை மேற்கே சரித்துப் பூசியிருக்கிறார். 5 பாகைச் சரிவு போதும், மாலை 3 மணிக்கு நேர்க்கதிரில் 8 வீதம் வரை கூட்டிக் காட்டும். மட்டக்குமிழை வைத்துப் பார்க்க ஒரு நிமிடம் ஆகாது.

மீற்றரின் கண்ணாடியில் படியும் கடல் உப்பை விடியற்காலையில் நல்ல தண்ணீரும் மென்துணியும் கொண்டு துடைத்தால் சரி.

தெற்குப் பக்கம் திறந்திருந்தால் போதும் என்ற நினைப்பும் பிழை. இங்கே ஏப்ரல் 12 அளவில் சூரியன் நேர் உச்சிக்கு வந்து, ஓகஸ்ட் கடைசி வரை நண்பகலில் வடக்கே நிற்கும். நான் ஜனவரியில் இடம் பார்த்தேன். மேற்கே, சற்று வடக்குத் தள்ளி நின்ற தண்ணீர்த் தாங்கி கண்ணிலேயே படவில்லை. ஜூன் மாதம் 4 மணி தாண்டினால் அதன் நிழல் மீற்றர்மேல்.